உள்தாழ்ப்பாள்

லாரியின் பின்பலகை இறங்கியதும் பெஞ்சமின் கட்டைவிரலை நாக்கில் தொட்டு, கைக்கு எட்டிய முதல் ஜன்னல் கட்டையில் அழுத்தித் தேய்க்கிறார். தூசி விலகிய இடத்தில் மரத்தின் நிறம் தெரிகிறது. மூக்கை அருகே கொண்டுபோய் ஒரு மூச்சு இழுக்கிறார். பிறகு காதில் செருகியிருக்கும் சாக்பீஸை எடுத்து அந்தக் கட்டையிலேயே எழுதுகிறார்: ‘சிந்தாதிரிப்பேட்டை. மாடி ரூம்.’ டிரைவர் அதற்குள் வாயையே திறந்திருக்கவில்லை.

கேளம்பாக்கத்திலிருந்து வண்டலூர் போகும் சாலையில், அடுக்குமாடி விளம்பரப் பலகைகளுக்குப் பின்னால், தகரக் கொட்டகை போட்ட அரை ஏக்கர் அவருடைய கடை. சென்னையில் இடிக்கிற பழைய வீடுகளின் கதவு, ஜன்னல், தூண், உத்தரம், மாடிப்படிக் கைப்பிடி எல்லாம் இங்கே வந்து சேர்கின்றன. வயது ஐம்பத்தெட்டு. அப்பா செய்யூர்ப் பக்கம் ஊரார் நிலத்தில் கதிர் அறுத்தவர். மகன் ஊரார் வீட்டுக் கதவை விற்கிறார். இரண்டு வருடம் முன்பு நான் ஒரு ஜன்னல் வாங்க அங்கே போனேன். ஜன்னல் வாங்கவில்லை, போவதை நிறுத்தவும் இல்லை.

சென்னையைத் தெருத்தெருவாகச் சொல்லும் இந்த மனிதர் அந்த நகரத்துக்குள் போனது மொத்தம் பத்துத் தடவை இருக்கும். கூட்டத்தில் நின்றால் தலை சுற்றும் என்பார். நான் ஒருமுறை சீண்டிப் பார்த்தேன். “ஊரே லாரில ஏறி இங்க வந்துகினு கீது. நான் எதுக்கு சார் போவணும்?” என்றார்.

அவர் சரித்திரம் படிப்பதெல்லாம் ஓட்டைகளில்தான். திருவல்லிக்கேணியிலிருந்து வந்த ஒரு ஜன்னல் சட்டத்தை எனக்குப் பாடமாகவே நடத்தினார். “இத்த பாரு சார். மேல கீற பொடி ஓட்டை கரெண்டு வயரு, மரச்சட்டம் அடிச்சி அதும்மேல இட்டாந்தது. அப்பால ரேடியோவுக்கு ஏரியலு. இது கேபிள் டிவி. இந்தப் பெருசு ஏசி பைப்பு. ஏசி வந்த நாலு வருசத்துல வூட்டையே இட்சிட்டாங்க.” வேப்பேரியில், வெள்ளைக்காரர்களுக்கு மொழிபெயர்ப்பாளராக இருந்த ஒரு துபாஷியின் வீட்டிலிருந்து வந்த நிலைப்படியில், தச்சர் தாமரையைச் செதுக்கிவிட்டு அதன் தலைமேல் வெள்ளைக்காரர் கிரீடம் ஒன்றையும் வைத்திருந்தார். “கும்புடறவனுக்கு ஒண்ணு, கூலி குட்த்தவனுக்கு ஒண்ணு” என்று கிரீடத்தைத் தட்டினார். மயிலாப்பூர்க் கதவு ஒன்றில் இடப்பலகை பச்சை, வலப்பலகை நீலம். அண்ணன் தம்பி பாகம் பிரித்துக்கொண்டு, ஆளுக்குப் பாதி வாசலுக்கு வண்ணம் அடித்திருக்கிறார்கள்.

வாங்க வருகிறவர்கள் எல்லோரும் ஒரே கேள்விதான் கேட்கிறார்கள்: “இது செட்டிநாடா?” ஆமாம் என்று சொன்னால் விலை ஒரு மடங்கு கூடும். பெஞ்சமின் சாக்பீஸ் எழுத்தைக் காட்டி, “சௌகார்பேட்டை. வோணும்னா எடு” என்பார். பாதிப் பேர் போய்விடுவார்கள். மகள் ஜெனிட்டா இதற்காக அவரிடம் பேசாமல் இருந்த வாரங்கள் உண்டு.

ஒவ்வொரு தை மாதமும் அவருக்கு ஒரு வேலை இருக்கிறது. ஐப்பசி, கார்த்திகை மழையில் சாக்பீஸ் எழுத்து கரைந்து போயிருக்கும். கொட்டகைக்கு வெளியே இருக்கும் ஒவ்வொரு பொருளிடமும் போய் நின்று, கட்டைவிரலைத் தொட்டு, மோந்து, ஓட்டை எண்ணி, மறுபடி எழுதுவார். நினைவிலிருந்து எழுத மாட்டார். கொட்டகைக்குள் நனையாமல் இருப்பவற்றுக்கு இந்த மறுபரிசீலனை கிடையாது. எழுத்து அழியவில்லையே, பிறகு எதற்கு?

இந்தத் தையில் அவருக்கு நெருக்கடி வந்தது. இடத்தின் சொந்தக்காரர் கண்ணாயிரம், அடுக்குமாடி கட்டுகிறவர்களுக்கு நிலத்தை எழுதிக்கொடுத்துவிட்டு, மாசி பிறப்பதற்குள் காலி செய்யச் சொன்னார். செய்யூர் சாலையில் வேறு இடம் பார்த்திருந்தார்கள். அதற்கு முன்பணம் வேண்டும். ஊரப்பாக்கத்தில் பள்ளிக்கூட ஆசிரியையாக இருக்கும் ஜெனிட்டா, சரக்கையெல்லாம் போட்டோ எடுத்து இன்ஸ்டாகிராமில் போட்டாள். பத்தே நாளில் ஆள் வந்தது. மாமல்லபுரத்துக்குத் தெற்கே கட்டிக்கொண்டிருந்த ஒரு ரிசார்ட்டுக்கு உள்ளலங்காரம் செய்யும் சிநேகா என்ற பெண். கொட்டகைக்குள் அடுக்கியிருந்த பன்னிரண்டு ராயபுரத்துக் கதவுகளையும் நிலையோடு கேட்டாள். கப்பல் வியாபாரி ஒருவருடைய மாளிகைக் கதவுகள் அவை. ரிசார்ட்டின் பன்னிரண்டு அறைக்குப் பன்னிரண்டு. அந்த மாளிகையின் கதையைச் சிறு புத்தகமாகவே அச்சடித்துவிட்டார்கள். ஒரே விற்பனையில் புது இடம் கைக்கு வந்துவிடும் என்ற நிலை.

கதவுகளை ஏற்ற லாரி வந்த காலையில் நானும் அங்கே இருந்தேன். ஒவ்வொன்றாக வெளியே நிறுத்தி, முட்டுக் கொடுத்து, துடைத்தார்கள். சிநேகா கடைசிக் கதவின் உட்பக்கத்தைத் தடவிப் பார்த்தாள். “சார், இது சூப்பர். உள்ள ஒரு ஓட்டைகூட இல்லாம என்ன நீட்டா இருக்கு! இத ஹனிமூன் சூட்டுக்கு வெச்சுக்கறோம்.”

பெஞ்சமின் திரும்பினார். கட்டைவிரல் நாக்குக்குப் போயிற்று. கதவின் உட்பக்கம் மேலிருந்து கீழே தடவிக்கொண்டு வந்தார். தாழ்ப்பாள் அடித்த தடம் இல்லை. கொக்கி மாட்டிய தடம் இல்லை. வெளிப்பக்கம் போனார். அங்கே மூன்று தலைமுறைத் தாழ்ப்பாள்களின் தழும்பு. குந்தி உட்கார்ந்து அந்தப் பக்கத்தின் அடிப்பாகத்தைப் பார்த்தார். தகரம் அடித்த ஆணித் துளைகள் வரிசையாக இருந்தன, தண்ணீர் ஊற்றிக் கழுவுகிற இடங்களில் அடிப்பதுபோல. ஒரு சொம்புத் தண்ணீரை ஊற்றி மோந்தார். பிறகு போனை எடுத்தார்.

“சடையப்பா, ஆறு வருசம் முன்ன ராயபுரம் லோடு எறக்கினியே, பன்னெண்டு கதவு. அதுல ஒண்ணு எங்க ஏத்தின?”

போனின் ஸ்பீக்கரில் லாரிக்காரர் சடையப்பனின் குரல் இறங்கியது. “இன்னா அண்ணாத்த, இப்பப் போயி கேக்கற? வர்ற வழில ஒரு பழைய ஆஸ்பத்திரி இட்சிகினு இருந்தாங்க. அது மார்ச்சரி கதவு. அதே சைசு, அதே தேக்கு. சொன்னா நீ வாங்க மாட்டன்னு வுட்டுட்டேன்.”

எல்லோருக்கும் கேட்டது. சிநேகாதான் முதலில் சமாளித்தாள். “சரி சார், இது நமக்குள்ளயே இருக்கட்டும். பாலிஷ் போட்டா யாருக்குத் தெரியப் போகுது?”

“மேடம், இதுல உள்ள போனவங்க யாரும் நடந்து வெளிய வரல. கண்ணாலம் ஆன புள்ளைங்களுக்கா மாட்டப் போற?”

“அப்பா, அவங்க கேட்டாங்களா? நீ எதுக்கு போன் போட்ட?” துடைத்துக்கொண்டிருந்த துணியை ஜெனிட்டா கீழே போட்டாள்.

“ராயபுரம்னு எழுதினது நான்தான், ஜெனிட்டா. அவன் சொன்னான்னு பாக்காமயே எழுதிட்டேன்.”

பதினொன்றை மட்டும் எடுத்துக்கொள்ளச் சொன்னார். சிநேகா தலைமை அலுவலகத்தோடு அரை மணி நேரம் போனில் பேசினாள். பன்னிரண்டும் ஒரே வீடு என்று புத்தகத்தில் இருக்கிறதாம். ஒன்றில் சந்தேகம் என்றால் மற்றதை எப்படி நம்புவது என்று கேட்டார்களாம். அவள் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு காரில் ஏறினாள். லாரி வெறும் பலகை கடகடக்கத் திரும்பிப் போயிற்று.

எனக்கு அவர்மேல் கோபம் வந்தது என்பதை மறைக்காமல் எழுதிவிடுகிறேன். காலி செய்ய இருபது நாள்கூட இல்லை. வாயை மூடிக்கொண்டிருந்தால் அன்று மாலையே புது இடத்தின் சாவி கையில் இருந்திருக்கும்.

அவர் டீ குடித்தார். பிறகு மற்றப் பதினொரு கதவுகளையும் ஒவ்வொன்றாகப் பார்த்தார். கட்டைவிரல், மூக்கு, ஓட்டைக் கணக்கு. உப்புக் காற்று அரித்த கீல்கள். பதினொன்றும் ராயபுரந்தான். மறுபடி எழுதினார். பன்னிரண்டாவதில் இருந்த தன் பழைய எழுத்தை லுங்கி முனையால் அழித்துவிட்டு, ‘ஆஸ்பத்திரி. மார்ச்சரி’ என்று எழுதினார். இனி அதை யார் வாங்குவார்கள்?

பிறகு பழைய கீல், கொண்டியெல்லாம் போட்டு வைத்திருக்கும் கோணிச் சாக்கைக் கவிழ்த்துக் கிளறினார். ஒரு பழைய பித்தளைத் தாழ்ப்பாள் கிடைத்தது. அதைக் கதவின் உட்பக்கம், நெஞ்சு உயரத்தில் வைத்துப் பார்த்தார். அதுவரை கீழே கிடத்தியிருந்த தூண் ஒன்றின்மேல் முகத்தைத் திருப்பிக்கொண்டு உட்கார்ந்திருந்த ஜெனிட்டா எழுந்து வந்து ஸ்குரூ டிரைவரை நீட்டினாள். ஆறு ஸ்குரூ. கடைசி ஸ்குரூவை முறுக்கியதும் கதவின் உட்பக்கமே நின்றுகொண்டு இரண்டு பலகையையும் சாத்தினார்.

“சார், நீ அந்தாண்ட போயி தள்ளு.”

சுற்றிலும் சுவர் இல்லை. வெறும் தரையில் முட்டுக் கொடுத்து நிற்கும் கதவு. பக்கவாட்டில் நடந்தே அவரிடம் போய்விடலாம். ஆனாலும் வெளிப்பக்கம் போய்த் தள்ளினேன். அசையவில்லை. தோளைக் கொடுத்துத் தள்ளினேன். அப்போதும் அசையவில்லை.

உள்ளே பித்தளை சறுக்கும் சத்தம் கேட்டது. பெஞ்சமின் கதவைத் திறந்து, நிலையைத் தாண்டி வெளியே நடந்து வந்தார்.