இரண்டரை இன்ச் பட்டைகள்

காஜா அக்காவுக்குச் சந்தேகம் என்பது மூன்றாவது கை மாதிரி. கதவைப் பூட்டித் தெருமுனை வரை போனவர் திரும்பி வந்து பூட்டை இழுத்துப் பார்ப்பார். நூல்கண்டு வாங்கினால், உள்ளே அட்டை தடிமனாக வைத்து ஏமாற்றியிருக்கிறார்களா என்று முழுக்கப் பிரித்துப் பார்த்துவிட்டுத் திரும்பச் சுற்றுவார்.

"நீ பொறந்தப்பவே நர்ஸ்கிட்ட அடையாள அட்டை கேட்டிருப்பே" என்பார் அவர் கணவர். சுவருக்கு வண்ணம் பூசுகிறவர். அக்கா சிரிக்க மாட்டார். கேட்காமல் விட்டது தப்போ என்பது போல யோசிப்பார்.

தையல் கடையில் இருபத்திரண்டு வருடமாகப் பொத்தான் துளை போடுவதும், ஓரம் மடித்துக் கையால் தைப்பதும் அவர் வேலை. பொத்தான் துளையைத் தையல்காரர்கள் காஜா என்பார்கள். அந்தப் பெயரே அவருக்கு ஒட்டிக்கொண்டது. கடையின் முன்னறையில் முதலாளியம்மாவும் ஆளுயரக் கண்ணாடியும். பின்னறையில் வெட்டும் மேசை, அதன் பின்னால் மாஸ்டர், ஜன்னலோரமாக அக்காவின் முக்காலி. மேசைக்கடியில் விழும் துண்டுகளை மாஸ்டர் ஒரு பையில் அள்ளி வைப்பார். சனிக்கிழமை மாலை அந்தப் பை அக்காவுக்கு. முதலாளியம்மாவே கொடுத்த அனுமதி அது. கழுத்து வளைவையும் அக்குள் வளைவையும் யார் திருப்பிக் கேட்கப் போகிறார்கள்?

அந்தத் துண்டுகளில் அவர் போர்வை தைத்தார். பல வருடங்களுக்கு முன் ஒரு அம்மாள் ஓரம் கிழிந்த போர்வை ஒன்றைச் சரிசெய்யக் கொடுத்துவிட்டுப் போனார். கரும் சதுரங்கள் மூலைக்கு மூலை தொட்டுக்கொண்டு சாய்வாக ஓடின. இன்னொரு பக்கத்திலிருந்து இன்னொரு வரிசை வந்து அதைக் குறுக்கே வெட்டிக்கொண்டு போனது. நடுநடுவே வெளிர்த் துணி. அதற்கு 'ஐரிஷ் செயின்' என்று பெயர் சொன்னார் அந்த அம்மாள். அது எந்த ஊர்ச் சங்கிலியாக இருந்தால் என்ன என்று அக்கா அதை ஒரு பழைய செய்தித்தாளில் அப்படியே வரைந்து வைத்துக்கொண்டார். ஒன்பது சதுரம் சேர்ந்த கட்டம் ஒன்று, அடுத்தது வெறும் வெளிர்க் கட்டம். நிறம் பொருந்த வேண்டியதில்லை. கருமையானதா, வெளிரானதா, அவ்வளவுதான் கேள்வி. ஒவ்வொரு சதுரத்தையும் இரண்டரை இன்ச்சுக்கு வெட்டுவார். தைத்தபின் இரண்டு இன்ச் நிற்கும். இதுவரை பதினோரு போர்வை ஆகியிருந்தது.

பன்னிரண்டாவதில்தான் வம்பு வந்தது. ஒரு சனிக்கிழமை பையைக் கொட்டினால், வளைந்த துண்டுகளுக்கு நடுவே நேரான பட்டைகள் கிடந்தன. முதலில் சந்தோஷம். சதுரம் வெட்டக் கத்தரி சும்மா ஓடியது. கரும்பச்சையில் வெள்ளைப் புள்ளி போட்ட பட்டை ஒன்றில் மட்டும் பதினேழு சதுரம் தேறியது. அடுத்த சனிக்கிழமையும் பட்டைகள் வந்தபோதுதான் மூன்றாவது கை நீண்டது. பட்டைகளின் இரண்டு முனையிலும் ஆலையில் நெய்த கரை இருந்தது. அப்படியென்றால் முழு அகலத் துணியிலிருந்து குறுக்கே கிழித்தது. வெட்டி மிஞ்சியது இல்லை. டேப் வைத்துப் பார்த்தார். எல்லாம் இரண்டரை இன்ச்.

அது அவருடைய அளவு. அது யாருக்குத் தெரியும்? போன மாதம் முதலாளியம்மா போகிற போக்கில், "உன் சதுரம் எத்தனை இன்ச்சும்மா?" என்று கேட்டிருந்தார். அதே வாரம் காஜா போடும் புது மிஷினின் படத்தைக் காட்டி ஒரு விற்பனையாளர் அரைமணி நேரம் பேசிவிட்டுப் போயிருந்தார். அக்கா இரண்டையும் சேர்த்து முடிச்சுப் போட்டார்.

திங்கட்கிழமை மாஸ்டரிடம் குரலைத் தாழ்த்திச் சொன்னார். "மாஸ்டர், விஷயம் வெளிய போகக் கூடாது. அம்மா என் பையில துணி வைக்கறாங்க."

மாஸ்டர் வாயில் கவ்வியிருந்த குண்டூசிகளை எடுக்காமலே, "ம்?" என்றார்.

"முழுத்துணியில கிழிச்ச பட்டை. என்னைத் திருடின்னு சொல்லி அனுப்பிட்டு, என் முக்காலி இருக்கற எடத்துல மிஷின் போடறதுக்கு."

"சேச்சே. தானா விழுந்திருக்கும்க்கா."

"தானா விழறது ரெண்டு பக்கமும் கரையோட விழுமா?"

மாஸ்டருக்கு இருமல் வந்தது. "நான் பாத்துக்கறேன்" என்றார்.

அந்த வாரம் பையில் ஒரு பட்டைகூட இல்லை. வேறு யாராயிருந்தாலும் நிம்மதியாகத் தூங்கியிருப்பார்கள். அக்கா யோசித்தார். விஷயத்தை ஒரே ஒருவரிடம்தான் சொன்னோம். சொன்னதும் நின்றுபோனது. அதற்குப் பிறகு அவர் ஊசி துணியில் ஓடினாலும் கண் மாஸ்டரின் கத்தரியிலேயே இருந்தது. கையைத் துணிக்கடியில் எதற்கு விடுகிறார்? இந்த மனுஷன் ஏன் இன்று விசிலடிக்கவில்லை?

சனிக்கிழமை மதியம் ஒரு டீச்சர் கரும்பச்சைத் திரைச்சீலையை மேசைமேல் விரித்தார். வெள்ளைப் புள்ளிகள்.

"தரையைத் தொடணும்னு சொல்லித்தானே அளவு கொடுத்தேன்? ரெண்டரை இன்ச் மேல நிக்குது. தெருவுல போற நாய் குனிஞ்சு வீட்டுக்குள்ள பாக்குது!"

"துணி சுருங்கியிருக்கும் டீச்சர்" என்றார் முதலாளியம்மா.

"தண்ணியே படல. நான் முறைச்சதுல சுருங்குச்சா?"

முதலாளியம்மா முகம் சிவந்தது. டீச்சரைத் திங்கட்கிழமை வரச் சொல்லி அனுப்பிவிட்டுப் பின்னறை வாசலில் வந்து நின்றார். "துணியை எடுத்தது யாரா இருந்தாலும் சரி. திங்கட்கிழமைக்கு அப்புறம் அவங்களுக்கு இங்க வேலை கிடையாது."

அந்தப் பதினேழு சதுரமும் அக்கா வீட்டுப் போர்வையின் நட்டநடுவே ஓடிக்கொண்டிருந்தன.

முதலாளியம்மா சாப்பிடப் போனதும் அக்கா எழுந்து மேசைக்கு எதிரே போய் நின்றார். மாஸ்டரே கத்தரியைக் கீழே வைத்தார்.

"நாந்தான்க்கா. அக்குள் வளைவு ரெண்ட ஒட்டவச்சு ஒரு சதுரம் எடுக்கறீங்க. பாக்கப் பொறுக்கல. அடியில மடிக்க விடற துணியில கொஞ்சம் எடுத்தா யாருக்குத் தெரியும்னு நெனச்சேன். மத்த துணியில எல்லாம் மடிப்பு தாராளமா இருந்துச்சு. இந்த டீச்சர் கணக்கா வாங்கியிருந்தாங்க. கவனிக்கல."

"என்கிட்ட ஒரு வார்த்தை சொன்னீங்களா?"

"சொன்னா வாங்குவீங்களா?"

"மாட்டேன். அதுக்குத்தான் சொல்லியிருக்கணும்."

அவர் சொன்னது நம்பும்படி இருந்தது. அதுவே அக்காவுக்குப் பிடிக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை போர்வையைத் தரையில் விரித்துத் தையலைப் பிரிக்க உட்கார்ந்தார். கணவர் வாசல்படியில் பிரஷ் கழுவிக்கொண்டிருந்தார்.

"அடுப்புல போட்டுட்டா முடிஞ்சுது. யாருக்குத் தெரியப் போகுது?"

"எனக்குத் தெரியுமே. நான் ஊர்ல யாரையும் நம்பறதில்ல. என்னையும் நம்ப முடியாமப் போச்சுன்னா அப்புறம் யார் இருக்கா?"

"நான் இருக்கேன்ல?"

"நீங்களா?" என்றார் அக்கா, நிமிராமல்.

பதினேழையும் வரிசையாகச் சேர்த்துத் தைத்தபோது திரையின் அகலத்துக்குப் போதவில்லை. ஒவ்வொரு தையலும் அரை இன்ச்சைத் தின்றுவிட்டிருந்தது. வேறு துணியில் ஐந்து சதுரம் ஒட்டி நீளத்தைச் சரிக்கட்டினார். திரையின் மடிப்பை அவிழ்த்துக் கீழே விட்டு, உள்பக்கம் இந்தப் பட்டையைக் கொடுத்தால் தரையைத் தொட்டுவிடும்.

திங்கட்கிழமை டீச்சர் வருவதற்குள் முதலாளியம்மாவின் முன்னால் பட்டையை வைத்தார். "இது என் வீட்டுல இருந்துச்சும்மா. பையோட வந்துச்சு. நான் எடுக்கல. ஆனா பட்டை நேரா இருக்கறது தெரிஞ்சதுமே உங்ககிட்ட கொண்டாந்திருக்கணும். நீங்கதான் வச்சீங்கன்னு நெனச்சேன்."

"நானா? நான் எதுக்கு?"

"மிஷினுக்கு."

"அந்த ஆளு டீ குடிச்சிட்டுப் போனான். மிஷினை எங்க வைக்கறது, என் தலையிலயா?"

பின்னறையில் கத்தரிச் சத்தம் நின்றிருந்தது. அக்கா மாஸ்டரின் பெயரைச் சொல்லவில்லை. அவராக வந்து சொல்வாரா பார்க்கலாம் என்று நின்றார். நாற்பது எண்ணுகிற நேரம் ஆனது. பிறகு மாஸ்டர் வாசலில் வந்து நின்று, "எடுத்தது நான்" என்றார்.

முதலாளியம்மா இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். யாரையும் அனுப்பவில்லை. சொன்ன சொல்லை மென்று விழுங்கிக்கொண்டார். டீச்சர் திரையைத் திருப்பிப் பார்த்து, "உள்ளே என்ன இது, சந்தையா?" என்று கேட்டாலும் வாங்கிக்கொண்டு போனார்.

இப்போது சனிக்கிழமைகளில் முதலாளியம்மா தன் கையாலேயே பையைக் கிளறிப் பார்த்துவிட்டுத்தான் கொடுக்கிறார். அக்காவுக்கு அதில் வருத்தமில்லை. அந்த இடத்தில் தான் இருந்தாலும் அப்படித்தான் செய்திருப்பார். பையை நன்றாகத் திறந்து பிடித்துக்கொண்டு நிற்கிறார்.

வீட்டுக்கு வந்ததும் ஒவ்வொரு அக்குள் வளைவையும் எடுத்து, மாஸ்டர் வழக்கமாக வெட்டும் வளைவைக் கடையில் வரைந்து கொண்டுவந்த காகிதத்தின் மேல் வைத்துப் பார்க்கிறார். மாஸ்டர் இப்போது வளைவைக் கொஞ்சம் பெரிதாக வெட்டுகிறாரோ?