வாளி வெள்ளரியும் ஆவணி ஞாயிறும்

என் மச்சாளுக்கு, அதுதான் கணவரின் அக்காவுக்கு, லண்டன் வெம்பிளியில் தோட்டத்தோடு வீடு. எங்களுக்கு டூட்டிங்கில் நாலாம் மாடி ஃபிளாட், ஒரு பாய் விரிக்கிற அளவில் ஒரு பல்கனி. எண்பதுகளின் கடைசி அது. மச்சாள் வரும்போதெல்லாம் தன் தோட்டத்துத் தக்காளி, வெள்ளரி என்று ஒரு பை நிறையக் கொண்டுவருவா. அது நல்ல விஷயந்தான். ஆனால் பையை மேசையில் வைத்துவிட்டு எங்கள் பல்கனியைப் பார்த்து ஒரு பெருமூச்சு விடுவா பாருங்கள், அதில்தான் எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒரு வைகாசியில் பொறுக்கமுடியாமல் வாய்விட்டேன்.

"மச்சாள், எனக்கும் ரெண்டு வெள்ளரிக் கண்டு தாங்கோ, வாளியிலை வைச்சு வளக்கிறன். ஆவணி ஞாயிறுக்கு நீங்கள் இஞ்சை வந்து என்ரை காயிலை பச்சடி சாப்பிடுறியள்."

"வாளிக்குள்ளை வெள்ளரியோ? சரி, பாப்பம்" என்று சிரித்தா. ஆனாலும் தோட்டத்தில் செடி வளர்க்கிற தன் கண்ணாடிக் கூட்டிலிருந்து இரண்டு நல்ல கன்றுகளை எடுத்துத் தந்தா. கூடவே ஒரு புத்திமதியும் வந்தது. "ஆண் பூ வந்த உடனை கிள்ளிப்போடு. இது கண்ணாடிக் கூட்டுச் சாதி. மகரந்தம் பட்டால் காய் கைக்கும்."

ஆண் பூ இல்லாமல் காயா? யாருக்குக் காது குத்துகிறா? என் கொடி காய்க்கக்கூடாது, அவ்வளவுதான் என்று நினைத்துக்கொண்டேன். வீட்டுக்கு வந்து கணவரிடம் பொரிந்து தள்ளினேன்.

"அக்கா சொன்னால் கேளுமன். எனக்குக் கைப்பு ஆகாதெண்டு தெரியும்தானே" என்றார் அவர். உண்மைதான். வீட்டில் பாவற்காய் நறுக்கினாலே ஜன்னலைத் திறப்பார். காய்ச்சல் குளிசையையும் சீனியோடுதான் விழுங்குவார்.

"நீங்கள் எப்பவும் உங்கடை அக்கான்ரை பக்கம்தான்" என்று சொல்லி, அத்தோடு அந்தப் பேச்சை முடித்தேன்.

அவர் ஒரு சாப்பாட்டுக் கடையின் சமையலறையில் வேலை செய்தார். அங்கே காலியான மயோனைஸ் வாளிகள் இரண்டைக் கொண்டுவந்து, கம்பியைச் சூடாக்கி அடியில் துளைகள் போட்டுத் தந்தார். மண்ணை நான்தான் மூட்டையாக வாங்கி, லிஃப்ட் வேலை செய்யாத ஒரு நாளில், மூச்சு வாங்க வாங்க மேலே ஏற்றினேன். கொடி படர என் பழைய நூல் சேலையைக் கிழித்துக் கட்டினேன். லண்டன் வெயிலை நம்ப முடியாது என்பார்கள். அந்த வருஷம் வெயில் என் பக்கம் நின்றது.

பூக்கள் வந்தன. பெண் பூவுக்குப் பின்னால் குட்டிப் பிஞ்சு ஒன்று ஒட்டிக்கொண்டிருக்கும். ஆண் பூவுக்கு வெறும் காம்புதான். நாலாம் மாடிக்குத் தேனீ எங்கே ஏறி வரப்போகிறது? ஆகவே நானே தேனீயானேன். காலையில் குளித்து, பொட்டு வைத்து, அந்தப் பொட்டுக் குச்சியைக் கழுவி நுனியில் பஞ்சு சுற்றிக்கொண்டு பல்கனிக்குப் போவேன். ஆண் பூவில் ஒரு தடவல், பெண் பூவில் ஒரு தடவல். ஒரு பூவையும் விட்டுவைக்கவில்லை. காய்களும் மளமளவென்று பருத்தன. எனக்குத் தலைகால் புரியவில்லை.

ஆவணி ஞாயிறும் வந்தது. அன்று விரதம். முதல் காய் சாமிக்கு. படைக்குமுன் எதையும் வாயில் வைத்துப் பார்க்கக்கூடாது. உப்புக்கூடக் கைக்கணக்குத்தான். தயிரும் பச்சைமிளகாயும் போட்டுப் பச்சடி செய்து, மற்றக் கறிகளோடு சாமிப் படங்களின் முன்னால் படைத்துக் கும்பிட்டேன்.

மச்சாள் பல்கனியில் தொங்கிய காய்களைப் பார்த்துவிட்டு, "பரவாயில்லை, வாளிக்குள்ளையும் வருகுதுதான்" என்றா. அந்த ஒரு சொல்லுக்காகத்தானே அத்தனை பாடும். எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது.

அக்காவையும் தம்பியையும் இருத்திப் பரிமாறினேன். பச்சடியை முதலில் அவருக்கு வைத்தேன். ஒரு வாய் வைத்தவரின் கை அப்படியே நின்றது. பிறகு மென்றார். நான் மச்சாளின் பக்கம் கிண்ணத்தை நீட்ட, அவர் குறுக்கே கையை நீட்டி வாங்கிக்கொண்டார்.

"அக்காவுக்குத் தடிமன். வெள்ளரிக்காய் குளிர், வேண்டாம்."

"எனக்கு எங்கையடா தடிமன்?"

"வந்த நேரம் தொடக்கம் மூக்கை உறிஞ்சுறியள்" என்று சொல்லிக்கொண்டே கிண்ணத்தைத் தன் சோற்றுக் கோப்பையில் கவிழ்த்தார். சோற்றோடு குழைத்து மளமளவென்று சாப்பிட்டு முடித்தார். இடையிடையே தண்ணீர் வேறு. "திறம்" என்றும் ஒரு தடவை பாராட்டினார்.

"பாத்தியே, ஒரு வாய்கூட மிச்சம் விடேல்லை. மனிசி செய்தால் அப்பிடித்தான்" என்று மச்சாள் சிரித்தா. நானும் சிரித்துவைத்தேன். உள்ளுக்குள் கொதித்தது. மாதக்கணக்காக இந்தச் சாப்பாட்டுக்காகக் காத்திருக்கிறேன், இந்த மனுஷன் விருந்தாளிக்கு ஒரு கரண்டிகூட விடாமல் வழித்துத் தின்கிறாரே!

மச்சாளை வழியனுப்பிவிட்டுக் கிண்ணத்தைக் கழுவ எடுத்தேன். ஓரத்தில் ஒட்டியிருந்ததை விரலால் வழித்து வாயில் வைத்தேன். ஐயோ! பாவற்காய் தோற்றுவிடும்.

திரும்பிப் பார்த்தால், அவர் சீனிப் போத்தலும் கரண்டியுமாக நிற்கிறார், கண்ணெல்லாம் கலங்கி.

"ஏன் சொல்லேல்லை?"

சீனியை விழுங்கிவிட்டுச் சொன்னார்: "நான் எப்பவும் அக்கான்ரை பக்கமெண்டு நீர்தானே சொன்னனீர்."

எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. கரண்டியை அவர் கையிலிருந்து வாங்கி, இன்னொரு கரண்டி சீனியை நானே அவர் வாயில் போட்டேன். மறுநாள் காலை பல்கனிக்குப் போய், பிஞ்சும் காயும் ஆண் பூவுமாக எல்லாவற்றையும் கிள்ளி எறிந்தேன். மச்சாளுக்கு மட்டும் இன்றுவரை சொல்லவில்லை.