அண்ணன் போட்ட ஊறல்

இந்த நினைவு மலரைக் கையில் வைத்திருக்கும் உங்களில் பாதிப் பேராவது அண்ணன் கையால் காராமணி வாங்கிச் சாப்பிட்டிருப்பீர்கள். மீதிப் பேர், பந்தியில் இடம் பிடிப்பதற்குள் அது தீர்ந்துபோய் அவரிடம் சண்டை போட்டிருப்பீர்கள். அண்ணன் எங்களை விட்டுப் போய் ஓராண்டு ஆகிறது. ஒரே தங்கை என்பதால் எழுதும் வேலை என் தலையில் விழுந்தது. எதை எழுதுவது என்று அண்ணியைக் கேட்டேன். "அத்தப் பத்தி எழுது. வேற இன்னா கீது?" என்றார். எதைப் பற்றி என்று நான் திரும்பக் கேட்கவில்லை.

அண்ணன் பிறந்தது திருப்பாச்சூரில். அப்பாவும் அம்மாவும் அடுத்தவர் கொல்லையில் கூலி வேலை செய்தவர்கள். வேர்க்கடலைக்கு நடுநடுவே காராமணி போட்டிருப்பார்கள். பறிப்பு முடிந்தால் அம்மா மடியில் நாலு கை காராமணி வீட்டுக்கு வரும். எங்களுக்குக் குழம்பும் அதுதான், சுண்டலும் அதுதான், சில நாட்களில் சோறும் அதுதான். அண்ணனுக்கு மீசை அரும்பும் முன்பே அப்பா போய்விட்டார். ஏதோ நோய் என்று ஊரில் சொல்லிக்கொண்டோம். இனி மறைத்து என்ன ஆகப்போகிறது? அவரைக் கொண்டுபோனது கள்ளச்சாராயம்.

அதோடு அண்ணன் படிப்பு நின்றது. கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் ஒரு கம்பெனி கேண்டீனில் பாத்திரம் கழுவச் சேர்ந்தவர், காய் வெட்டி, அடுப்பு பார்த்து, நான் பள்ளிக்கூடம் முடிப்பதற்குள் மாஸ்டர் ஆகிவிட்டார். அம்மாவையும் என்னையும் அங்கேயே ஒரு லைன் வீட்டுக்கு அழைத்துக்கொண்டார். ஒரு சொட்டு மது அவர் நாக்கில் பட்டதில்லை. தெருவில் அந்த வாடை அடித்தாலே எதிர்ப்பக்கம் மாறி நடப்பார். இதைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

ஒரு நாள் இரண்டாவது ஷிப்டுக்குக் காராமணிக் குழம்பு என்று ஏற்பாடு. காராமணி வெந்து இறக்கிய நேரத்தில் சிலிண்டர் தீர்ந்துபோனது. மாற்றுச் சிலிண்டர் வரவில்லை. சோறும் ரசமும் தயார், குழம்புக்கு வழியில்லை. அண்ணன் தண்ணீரை வடித்துவிட்டு, கேண்டீனில் இருந்த எலுமிச்சம்பழம் அத்தனையையும் அதன்மேல் பிழிந்து, உப்பு போட்டு மூடி வைத்தார். ஆறியதும் வெங்காயம், பச்சை மிளகாய், தக்காளி, கொத்துமல்லி எல்லாம் பொடியாக நறுக்கிப் போட்டு, கடைசியில் கொஞ்சம் நல்லெண்ணெய் ஊற்றினார். குழம்பு எங்கே என்று சண்டைக்கு வந்தவர்கள் இரண்டாம் தரம் தட்டை நீட்டினார்கள். அதில் ஒரு வெல்டர், "இன்னா மாஸ்டர், ஊறல் போட்டுக்கினு கீறியா? ஜிவ்வுன்னு ஏறுது!" என்று கத்த, அன்றே அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது.

சாராயம் காய்ச்சுவதற்காகப் பானையில் போட்டு மூடி வைப்பதைத்தான் ஊறல் என்பார்கள். பெயரைக் கேட்டதும் அம்மா அழுதே விட்டார். அப்பாவைத் தின்ற பெயர் நம் வீட்டுப் பண்டத்துக்கு எதற்கு என்றார். அண்ணன் சிரித்துக்கொண்டே, "அழாதம்மா. நல்ல பேரெல்லாம் ஓட்டல்காரன் எடுத்துக்கினான். நமக்கு இதான் மிச்சம்" என்றார்.

அதன் பிறகு எந்த விசேஷமானாலும் அண்ணன் வந்தால் ஊறலும் வரும். காதுகுத்து, வளைகாப்பு, கிரகப்பிரவேசம், எதையும் விட்டுவைக்கவில்லை. கறுப்புக் கண் வைத்த வெள்ளைக் காராமணிதான் வாங்குவார், சிவப்பைத் தொடமாட்டார். "சூடா இருக்க சொல்லோ எலுமிச்சம்பழம் வுடணும். ஆறிப்போச்சுன்னா அது வாயத் தொறக்காது" என்பார். வெங்காயம் மட்டும் ஆறிய பிறகுதான். கரண்டி போட்டுக் கிளறினால் அவருக்குக் கெட்ட கோபம் வரும். தூக்குவாளியை மூடி, இரண்டு கையாலும் பிடித்துக் குலுக்க வேண்டும். ரயிலில் எடுத்துப் போனால் அந்த வேலையும் மிச்சம் என்பார், ரயிலே குலுக்கிவிடுமாம்.

எனக்குச் செவ்வாப்பேட்டையில் வரன் அமைந்தது. இன்று என் மாமனாராக இருக்கும் மாமாவை அந்தப் பக்கத்தில் தெரியாதவர் இல்லை. ஊருக்குள் சாராயக் கடை வரக்கூடாது என்று பல வருடம் நின்று போராடியவர். என் நிச்சயத்துக்கு அண்ணன் இரண்டு குண்டான் ஊறல் போட்டு வைத்திருந்தார். தட்டு மாற்ற மாமா எழுந்து கை நீட்டிய அதே நேரம், பின்வாசலில் பரிமாறிக்கொண்டிருந்த கேண்டீன் ஆள் ஒருவர் வீடே அதிர, "மாஸ்டர், ரெண்டு குண்டான் ஊறல் பத்தாது! பந்திக்கு முன்னாடியே ஆளுங்க பேஜார் பண்றாங்க!" என்றார்.

மாமா நீட்டிய கையை இழுத்துக்கொண்டார். "சாராயம் காச்சுற ஊட்ல எனக்கு சம்மந்தம் வாணாம்" என்று கூடியிருந்த எல்லார் முன்னாலும் சொன்னார். அண்ணன் ஓடி வந்து விளக்குவதற்குள் அவர்கள் ஆட்டோவில் ஏறிவிட்டார்கள். நான் பட்டுப்புடவையோடு சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தேன். அண்ணன் முகத்தை அப்படி நான் அதற்கு முன்பும் பார்த்ததில்லை, பின்பும் பார்த்ததில்லை. அப்பா இறந்த அன்றுகூட அவர் அப்படி நிற்கவில்லை.

மறுநாள் காலையில் புதிதாகக் காராமணி வேகவைத்து, தூக்குவாளியோடு ரயில் ஏறினார். சென்ட்ரலில் இறங்கி, திருவள்ளூர் வண்டி மாறி, செவ்வாப்பேட்டையில் இறங்கி, நேராக மாமா வீட்டு வாசலில் போய் நின்றார். அங்கே நடந்ததை என் மாமியார் சொல்லித்தான் எனக்குத் தெரியும். அண்ணன் வாளியைத் திறந்து காட்டி, "இதான் மாமா ஊறலு. மோந்து பாருங்க. எங்க நைனாவையே அந்தக் கருமத்துக்கு வாரிக் குடுத்த ஊடு எங்களுது. நான் காச்சுவேனா?" என்று கேட்டாராம். மாமியார் ஒரு வாய் எடுத்துப் போட்டுக்கொண்டு சிரித்தேவிட்டார். மாமா சிரிக்கவில்லை. உள்ளே போய்க் கொஞ்ச நேரம் இருந்துவிட்டு வந்து, "வெள்ளிக்கெழம தட்டு மாத்திக்கலாம். இத்த எடுத்துக்கினு போ" என்றார்.

கல்யாணம் நடந்தது. ஆனால் மாமா ஊறலைத் தொடவில்லை. நாலு பேர் முன்னால் பேசிய பேச்சு அவருக்கே முள்ளாகக் குத்தியிருக்க வேண்டும். சாப்பிட்டால் தப்பை ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும் என்று நினைத்தாரோ என்னவோ. அண்ணனும் லேசுப்பட்டவர் இல்லை. என் வீட்டில் எந்த விசேஷம் நடந்தாலும் மாமாவின் இலை ஓரத்தில் தனிக் கிண்ணத்தில் ஊறலை வைத்து, "மாமா, உங்க பங்கு" என்பார். மாமா அதை ஒரு விரலால் தள்ளி வைப்பார். என் இரண்டு பிள்ளைகளின் காதுகுத்தில் தள்ளினார், பெண்ணின் மஞ்சள் நீராட்டில் தள்ளினார், வேப்பம்பட்டில் நாங்கள் வீடு கட்டிக் குடிபோனபோதும் தள்ளினார். எனக்கு ரத்தம் கொதிக்கும். "இன்னும் எத்தினி வருசத்துக்கு வெப்பண்ணா? வெக்கமா இல்ல?" என்று கேட்டால், "அவரு என்மேல போட்ட சாராயக் கேஸு இன்னும் நடந்துக்கினு கீதும்மா. ஒரு வாய் துண்ணாருன்னா டிஸ்மிஸ். வாய்தாவுக்கு நான் ஒழுங்கா ஆஜராவணும்ல?" என்பார். விளையாட்டாகத்தான் சொல்வார். ஆனால் பந்தி முடிந்ததும் அந்தக் கிண்ணத்தைத் தானே போய் எடுத்து வருவார், வேறு யாரையும் எடுக்க விடமாட்டார். அதைப் பார்த்துவிட்டு நான் சமையலறையில் நின்று அழுததுண்டு.

அண்ணனுக்குச் சிறுநீரகம் கெட்டது. ஆஸ்பத்திரியில் படுத்திருந்த கடைசி வாரத்திலும் நர்சம்மாக்களைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு, சாப்பிட்டார்களா என்று விசாரித்துக்கொண்டிருந்தார். ஒரு நாள் என் கையைப் பிடித்து, "என் காரியத்துக்கு ஊறல் நீதான் போடணும். மாமாவுக்குத் தனிக் கிண்ணம், மறந்துடாத" என்றார். வாயைக் கழுவச் சொல்லித் திட்டினேன். அதற்கடுத்த மூன்றாம் நாள் அவர் போய்விட்டார்.

பதினாறாம் நாள் காரியத்துக்கு நான்தான் போட்டேன். உப்பைக் குறைத்துவிட்டேன். வெங்காயத்தைச் சூட்டிலேயே கொட்டிவிட்டேன். தனிக் கிண்ணம் மட்டும் நான் வைக்கவில்லை. மறதி இல்லை, கோபம். உயிரோடு இருந்த மனிதரை அத்தனை வருடம் காக்கவைத்தவருக்கு, இனி அந்தக் கிண்ணம் எதற்கு என்று தோன்றியது. மாமா இலையில் சோறும் சாம்பாரும் வைத்துவிட்டு, ஊறல் வாளியோடு அவரைத் தாண்டி நடந்தேன்.

"இன்னாம்மா, என் கிண்ணம் எங்க?" என்று பின்னால் குரல் கேட்டது.

திரும்பினேன். மாமா சோற்றில் கை வைக்காமல் உட்கார்ந்திருந்தார். கிண்ணம் எடுக்க நான் போகவில்லை. வாளியிலிருந்தே அள்ளி இலையில் வைத்தேன். ஒரு வாய் போட்டு மென்றார். மாலை போட்டிருந்த அண்ணன் படத்தைப் பார்த்து, "தப்பா பேசிட்டேன்பா. அன்னிக்கே துண்ணிருக்கணும்" என்றார். பிறகு என் பக்கம் திரும்பாமலே, "உப்பு பத்தல. உங்கண்ணன் போட்டா இப்புடியா இருக்கும்?" என்றார். ஒரு வாய்கூடத் தின்னாதவருக்கு அண்ணன் கைப்பக்குவம் எப்படித் தெரியும்? கிண்ணத்தைத் தள்ளினாரே தவிர, அந்தப் பந்திகளில் வாசனையெல்லாம் அவருக்கு வந்துகொண்டுதான் இருந்திருக்கிறது. அண்ணன் இதைப் பார்க்கவில்லையே என்று அண்ணியைக் கட்டிக்கொண்டு அழுதேன்.

அண்ணனை முகம் சுளிக்காமல் பார்த்துக்கொண்ட மருத்துவர்களுக்கும் நர்சம்மாக்களுக்கும், கூப்பிட்ட நேரமெல்லாம் ரத்தம் கொடுக்க வந்து நின்ற கேண்டீன் தோழர்களுக்கும், காரியத்தன்று அடுப்பைத் தங்கள் பொறுப்பில் எடுத்துக்கொண்ட லைன் வீட்டு அக்கம்பக்கத்தாருக்கும், தூரம் பாராமல் வந்த உறவுகளுக்கும் எங்கள் குடும்பம் கை கூப்பி நன்றி சொல்கிறது. அண்ணி இந்த ஓராண்டைக் கடந்து வந்ததற்கு நீங்கள்தான் காரணம்.

மாமாவுக்கும் நன்றி சொல்ல வேண்டும். நினைவு நாள் பந்திக்கு எலுமிச்சம்பழம் பிழிவது தன் வேலை என்று சொல்லியிருக்கிறார். விடிந்ததும் வந்துவிடுவாராம், சூடு ஆறுவதற்குள் பிழிய வேண்டுமே என்று எனக்கே பாடம் எடுக்கிறார். தனிக் கிண்ணத்தைத் தேய்த்து எடுத்து வைத்திருக்கிறேன்.

உன் கேஸு டிஸ்மிஸ்ணா.