சிட்டிபாபு கடைக் கண்ணாடி

தாம்பரத்தில் யாராவது அஸ்திவாரம் தோண்டினால் போதும், ஏசுதாசனுக்கு மூக்கில் வியர்த்துவிடும். சுவர் ஜன்னல் மட்டத்துக்கு எழும்புவதற்குள் மனிதர் சைக்கிளோடு ஆஜர். வீட்டுக்காரர் ஒரு பக்கம் குடையும் கையுமாக நின்று கொத்தனாரோடு மல்லுக்கட்டிக்கொண்டிருப்பார். இவர் அதிலெல்லாம் தலையிட மாட்டார். ஜன்னலுக்கு விட்ட இடைவெளியைக் கண்ணாலேயே அளந்துகொண்டு, கண்ணாடி போடுகிற நேரத்தில் சொல்லியனுப்புங்கள் சார் என்று மட்டும் சொல்லிவிட்டுப் போவார். அவர்களும் சொல்லியனுப்பினார்கள். பல்லாவரத்திலிருந்து செங்கல்பட்டு வரைக்கும் கண்ணாடி வேலைக்குத் தன்னை விட்டால் ஆள் கிடையாது என்று அவரே சொல்லிக்கொள்வார். அதில் பாதியாவது நிஜம்.

அவர் இந்தத் தொழிலுக்கு வந்தது 1960இல். அப்போது கண்ணாடி ஜன்னல் என்றால் கல்லூரி விடுதி, ரயில்வே அதிகாரிகளின் பங்களா, அதோடு சரி. மற்ற வீடுகளில் பலகைக் கதவும் இரும்புக் கம்பியும்தான். கண்ணாடி என்றாலே ஜனங்களுக்குப் பயம். பூனை தாவினால் உடைந்துவிடும், பந்து பட்டால் உடைந்துவிடும், திருடனுக்கு வழி காட்டிவிடும், இப்படி ஆயிரம் நொட்டை சொல்வார்கள். அறுபத்தைந்துக்கு மேல்தான் காற்று மாறியது. பட்டணத்து ஆபீஸ்களில் வேலை பார்க்கிறவர்கள் சேலையூரிலும் குரோம்பேட்டையிலும் மனை வாங்கினார்கள். எதிர்வீட்டு ஜன்னலில் மேல்பாதி கண்ணாடி என்றால் இவர்களுக்கு முழு ஜன்னலும் கண்ணாடி. அதைப் பார்த்த அடுத்த வீட்டுக்காரருக்குக் குளியலறைக்குப் பூப்போட்ட கண்ணாடி. போட்டியென்றால் அப்படியொரு போட்டி! ஏசுதாசன் சாப்பிட நேரமில்லாமல் ஓடினார். சுண்ணாம்புத் தூளை ஆளிவிதை எண்ணெயில் பிசைந்து, கண்ணாடியைச் சட்டத்தில் பதிக்க மக்கு செய்வார்கள் அல்லவா, அந்த மக்கு வாசனை ஞாயிற்றுக்கிழமை ஆராதனையில்கூட அவர் சட்டையை விட்டுப் போகாது. அவர் மனைவி ஞானஜோதி பள்ளிக்கூட டீச்சர். சர்ச்சில் பக்கத்தில் உட்காரவே கூச்சமாக இருக்கிறது என்று அவள் தலையில் அடித்துக்கொள்வாள்.

தொழிலில் ஆள் ரொம்பக் கறார். மொத்தக் கடையிலிருந்து வரும் ஒவ்வொரு கண்ணாடியின் ஓரத்தையும் விரலால் தடவிப் பார்ப்பார். எங்கேயாவது சில்லு பெயர்ந்திருந்தால் வாங்க மாட்டார். ஓரம் போன கண்ணாடி இன்றைக்கு உடையாது, நாளைக்கும் உடையாது, ஆனால் ஒருநாள் உடையும் என்று வாடிக்கைக்காரர்களுக்கெல்லாம் பாடம் நடத்துவார். அப்பேர்ப்பட்டவர்தான் அந்தக் காரியம் செய்தார். இப்போது நினைத்தாலும் நம்ப முடியவில்லை.

மாடம்பாக்கத்துச் சிட்டிபாபு பரம்பரை நிலத்தை மனைகளாக வெட்டி விற்றவர். அந்த மனைகளில் எழுந்த வீடுகளுக்கு ஏசுதாசன் கண்ணாடி போட்டதால் இருவருக்கும் நல்ல பழக்கம். நிலம் விற்ற கையோடு சிட்டிபாபு மேற்குத் தாம்பரத்தில் ஒரு ஜவுளிக்கடை கட்டினார். கடையின் முகப்பு முழுக்கக் கண்ணாடியாக இருக்க வேண்டும், அதுவும் ஒரே கண்ணாடியாக இருக்க வேண்டும் என்றார்.

"மவுண்ட் ரோட்டுல கீதே, அந்த மாதிரி மேஸ்திரி. நடுவுல கட்டை கிட்டை வரக் கூடாது. ரோட்ல போற பொம்பள நின்னு பாக்கணும்."

ஏழடி உயரம், ஆறடி அகலம், கால் அங்குல கனம். ஏசுதாசன் அதுவரை தொட்ட கண்ணாடிகளில் பெரியதே இதில் பாதிதான் இருக்கும். இதைச் செய்துவிட்டால் ஜி.எஸ்.டி. ரோடு நெடுகப் புதிதாக வருகிற கடைகளெல்லாம் தன் கைக்கு வந்துவிடும் என்று மனிதர் கணக்குப் போட்டார். தவறில்லை, காலம் அந்தப் பக்கம்தான் போய்க்கொண்டிருந்தது. பாரிமுனை மொத்தக் கடையில் சொல்லிவைத்து மூன்று மாதம் காத்திருந்த பிறகு, எழுபத்தொன்றாம் வருஷத்துத் தை மாதம் கண்ணாடி லாரியில் வைக்கோலுக்கு நடுவே நின்றபடி வந்து சேர்ந்தது. திறப்பு விழாவுக்கு நாலு நாள் இருந்தது.

கோணியைச் சுற்றி நாலு பேர் தூக்கினார்கள். ஏசுதாசனோடு பத்து வருஷமாக வேலை செய்யும் கேசவன் கீழ் மூலையைப் பிடித்திருந்தார். சிட்டிபாபு வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார் அல்லவா, ஏசுதாசனுக்குத் தன் வீரத்தைக் காட்ட ஆசை. மெதுவா, மெதுவா என்று கேசவன் சொல்லச்சொல்ல இவர் இழுத்தார். கீழ் மூலை வாசல்படியில் 'டிக்' என்று இடித்தது. அவ்வளவுதான். சிட்டிபாபுவுக்குக் கேட்கக்கூட இல்லை. ஏசுதாசன் குனிந்து விரலை வைத்துப் பார்த்தார். புளியங்கொட்டை அளவுக்கு ஒரு சில்லு பெயர்ந்திருந்தது.

திருப்பி அனுப்பினால் இன்னும் மூன்று மாதம் ஆகும். அந்த ஓரத்தை வெட்டி எடுத்தால் தேக்குச் சட்டத்துக்குக் கண்ணாடி குட்டையாகிவிடும். உண்மையைச் சொன்னால் பேர் போய்விடும். சில்லு போன மூலையைச் சட்டத்தின் பள்ளத்துக்குள் இறக்கினார், மக்கை அள்ளி அப்பினார், மேலே பீடிங் என்கிற மெல்லிய மரக் கட்டையை வைத்து ஆணி அடித்தார். கேசவனை ஒரு பார்வை பார்த்தார். கேசவன் குனிந்து கோணிகளை மடிக்க ஆரம்பித்தார். சட்டத்துக்குள் அசையாமல் இருக்கிற கண்ணாடிக்கு என்ன வந்துவிடப் போகிறது என்று தனக்குத்தானே சமாதானமும் சொல்லிக்கொண்டார்.

திறப்பு விழா வெள்ளிக்கிழமை காலை. தைப் பனியில் கண்ணாடி சில்லென்று இருந்தது. ஜனங்கள் கும்பல் கும்பலாக வந்து தொட்டுப் பார்த்தார்கள், ஒரு கிழவர் உள்ளே எட்டிப் பார்க்கப் போய் நெற்றியில் இடித்துக்கொண்டார். சிட்டிபாபு முகத்தில் அப்படியொரு பூரிப்பு. நாதஸ்வரம் வாசித்துக்கொண்டிருந்தார்கள். சிட்டிபாபுவின் மகன் சம்பத்துக்குக் கார்த்திகைக் கடைசியில் கல்யாணமாகி நாற்பது நாள்தான் ஆகியிருந்தது. புது மருமகள் கிளியம்மாள் சிங்கப்பெருமாள் கோவில் பக்கத்துப் பெண். வீட்டுக்கு வந்த மகாலட்சுமி கையால் கற்பூரம் ஏற்ற வேண்டும் என்று மாமியார் தாயாரம்மாள்தான் அவளை முன்னால் நிறுத்தினாள்.

ரோட்டுப் பக்கத்துக் காற்றில் கற்பூரம் இரண்டு தடவை அணைந்தது. திறப்பு விழாவில் கற்பூரம் அணைவதா? தாயாரம்மாளுக்குப் பதற்றம். காற்று வராத இடமாகப் பார்த்து, கண்ணாடிக்கு உள்பக்கம் மூலையோரமாகத் தட்டை வை, கற்பூரத்தை நிறையப் போடு என்று அவள்தான் சொன்னாள். எல்லோர் காதிலும் விழும்படி சொன்னாள். கிளியம்மாள் அப்படியே கைநிறையக் கற்பூரத்தைப் போட்டுக் கண்ணாடியை ஒட்டி வைத்து ஏற்றினாள். ஏசுதாசன் ஜெபத்தைத் தவிர வேறு பூஜை அறியாதவர். அந்தத் தீ கண்ணாடியை என்ன செய்யும் என்று அவருக்கு உறைப்பதற்குள் ஒரு நிமிஷம் போய்விட்டது.

'டப்' என்று ஒரு சத்தம். கீழ் மூலையில் கிளம்பிய கீறல் மேல் சட்டம் வரைக்கும் ஓடி, பாதி வழியில் இரண்டாகப் பிரிந்தது. நாதஸ்வரம் நின்றுவிட்டது. ஏசுதாசன் கீறலின் அடியை மட்டும் பார்த்தார். அது பீடிங் கட்டைக்குள்ளிருந்து, அவர் மக்கு அப்பிய அதே இடத்திலிருந்து புறப்பட்டிருந்தது. ஓரம் நன்றாக இருந்திருந்தால் கண்ணாடி அந்தச் சூட்டைத் தாங்கியிருக்கும்.

அடுத்து நடந்ததுதான் கொடுமை. தாயாரம்மாள் மருமகளைத் திரும்பிப் பார்த்தாள். "கால் வெச்ச நேரத்தப் பாத்தியா. கை பட்டுச்சு, ஒடஞ்சிபோச்சு" என்றாள். மூலையில் வைக்கச் சொன்னது யார்? அதே வாய்தானே? அங்கே இருந்த ஐம்பது பேரில் ஒருவராவது அதைக் கேட்க வேண்டாமா? கேட்கவில்லை. பெண்கள் முணுமுணுக்க ஆரம்பித்தார்கள். கட்டிய புருஷன் சம்பத் தன் கால் விரலைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

சிட்டிபாபுதான் ஏசுதாசனிடம் வந்தார். முகம் வெளுத்திருந்தது.

"இன்னா மேஸ்திரி, கற்பூரத்துக்கா ஒடையும்?"

"சூடு பட்டா உடையும்தான், முதலாளி" என்றார் ஏசுதாசன்.

பொய் என்று சொல்ல முடியாது. ஆனால் அடப்பாவி மனுஷா, அந்த இடத்தில் அந்தப் பெண்ணை வெட்டிப்போட அந்த ஒரு வாக்கியம் போதாதா?

அன்று மத்தியான ரயிலிலேயே கிளியம்மாளை அம்மா வீட்டுக்கு அனுப்பினார்கள். கொஞ்ச நாள் இருந்துவிட்டு வரட்டும் என்றார்கள். நாலு நாளில் கோபம் ஆறி அழைத்துக்கொள்வார்கள் என்று ஏசுதாசன் நம்பினார். நம்பினால் தூக்கம் வரும் என்பதால் நம்பினார் என்றுதான் சொல்ல வேண்டும். சிட்டிபாபு மறுபடியும் அவரிடமே கண்ணாடி சொல்லிவைத்தார், அவர்மேல் யாருக்கும் ஒரு வருத்தமும் இல்லை. கீறலுக்கு மேல் காகிதம் ஒட்டிக் கடை நடந்தது. அந்த மூன்று மாதத்தில் ரோட்டில் இன்னும் இரண்டு கடைக்காரர்கள் இதேபோலக் கண்ணாடி முகப்பு வேண்டுமென்று அவரைத் தேடி வந்தார்கள். உடைந்த கண்ணாடியைப் பார்த்தும் ஆசை விடவில்லை, பாருங்கள்!

சித்திரையில் புதுக் கண்ணாடி வந்தது. பழையதைக் கழற்றும்போது கேசவன் தலை நிமிராமலே சொன்னார்.

"அந்தப் பொண்ணு போனதுதான் அண்ணா, இன்னும் வரல. சம்பத்துக்குக் கோவளத்தாண்ட வேற பொண்ணு பாத்துகினு கீறாங்களாம்."

ஏசுதாசனுக்குத் தூக்கிவாரிப் போட்டது. கல்யாணமாகி நாற்பது நாள் வாழ்ந்த பெண்ணைக் கண்ணாடி உடைந்ததற்காகத் தள்ளி வைப்பார்களா? வேறு பெண் பார்ப்பார்களா? பீடிங் கட்டையைப் பெயர்த்ததும் காய்ந்த மக்குக்குள் அந்த மூலை இருந்தது. சில்லு போன பள்ளத்திலிருந்து கீறல் நேராகக் கிளம்பியிருந்தது. வேலை தெரிந்தவன் யார் பார்த்தாலும் சொல்லிவிடுவான். அந்த மூலைத் துண்டை மட்டும் காகிதத்தில் சுற்றி எடுத்துக்கொண்டார்.

வீட்டுக்குப் போய் ஞானஜோதியிடம் ஒன்று விடாமல் கொட்டினார். மனசில் பாவத்தை வைத்துக்கொண்டு வாங்கக் கூடாது என்கிற திருவிருந்து அப்பத்தை மூன்று மாதமாக அவர் எடுக்காமல் கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்ததன் காரணம் அவளுக்கு அப்போதுதான் புரிந்தது. அவள் அவரை நிமிர்ந்து பார்த்தாள். தெரியாத ஒருவரைப் பார்ப்பதுபோல இருந்தது அந்தப் பார்வை. பிறகு, "என்கிட்ட ஏன் சொல்றீங்க? சொல்ல வேண்டியவங்க மாடம்பாக்கத்துல இருக்காங்க" என்றாள்.

மறுநாள் காலை மாடம்பாக்கத்தில், சிட்டிபாபு வீட்டுக் கூடத்தில் ஏசுதாசன் அந்தத் துண்டை வைத்தார். வாசல்படியில் இடித்ததிலிருந்து ஆணி அடித்தது வரை சொல்லி முடித்தார். சிட்டிபாபு துண்டை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எப்படி உடைந்தால் என்ன, உடைந்தது அவள் கையில்தானே என்று தாயாரம்மாள் ஆரம்பித்தாள். சிட்டிபாபு அவளை வாயை மூடச் சொன்னார். முப்பது வருஷத்தில் அவர் அப்படிச் சொன்னது அதுதான் முதல் தடவையாம், அவளும் அரண்டுபோய் மூடிக்கொண்டாள்.

"இனிமே நீ என் வாசப்படி மிதிக்கக் கூடாது மேஸ்திரி. ஆனா இப்ப ஒரு எடத்துக்கு எங்கூட வரணும்."

சம்பத்தையும் ஏற்றிக்கொண்டு கார் சிங்கப்பெருமாள் கோவிலுக்குப் போனது. பெண் வீட்டில் பாய் விரித்தார்கள், ஏசுதாசன் உட்காரவில்லை. கிளியம்மாள் கதவோரமாக வந்து நின்றாள். நல்ல உடம்போடு போன பெண் பாதியாக இளைத்திருந்தாள். அவர் இரண்டாம் தடவையாக எல்லாவற்றையும் சொன்னார். சிட்டிபாபு எழுந்து, தப்பு எங்களுடையதுதான், புறப்படு அம்மா என்றார். பெண்ணின் தாய் முந்தானையில் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். சம்பத்துக்குக்கூட இப்போது முகத்தை நிமிர்த்த முடிந்தது. ஏசுதாசனுக்கு நெஞ்சிலிருந்து பாறாங்கல்லை இறக்கியதுபோல இருந்தது. அந்தப் பெண் திட்டினாலும் வாங்கிக்கொள்ளலாம், அழுதால் காலில்கூட விழலாம் என்று நின்றார்.

அவள் திட்டவுமில்லை, அழவுமில்லை.

"அண்ணா, அன்னிக்கி நான் உங்களத்தான் பாத்துகினு நின்னேன்" என்றாள். "கண்ணாடி வேலை தெரிஞ்ச ஆளு, ஒரு வார்த்தை சொல்ல மாட்டாரான்னு பாத்தேன். நீங்க சொல்லல. சரி, அவருக்கே தெரியல போலன்னு நெனச்சேன். யாருக்குமே தெரியாமப் போனதாலதான் பழி எம்மேல வந்துதுன்னு இந்த மூணு மாசமா மனச தேத்திகினு இருந்தேன்."

உண்மையைச் சொல்லிவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று நினைத்து வந்த மனிதர், அவளிடம் மிச்சமிருந்த ஒரே ஆறுதலையும் தன் கையாலேயே பிடுங்கிவிட்டதை உணர்ந்து விறைத்துப்போய் நின்றார். கிளியம்மாள் உள்ளே போய்த் தன் டிரங்குப் பெட்டியை எடுத்துக்கொண்டு வந்து, யார் முகத்தையும் பார்க்காமல் காரில் ஏறினாள்.