நான்கு வீட்டுச் சோறு

பழனிக்குப் போய்வந்த என் கணவர், பஸ் ஸ்டாண்டுக் கடையில் எங்கள் மகளுக்கு ஒரு படப்புத்தகம் வாங்கிவந்தார். நான்கு வீடுகளில் சாப்பிடும் கள்ளப் பூனை ஒன்றின் கதை. முதல் வீட்டில் அது நொண்டும். இரண்டாம் வீட்டில் கண்ணை மூடிக்கொண்டு சுவரில் முட்டும். மூன்றாம் வீட்டில் குளிரில் வெடவெடப்பதுபோல் நடிக்கும். நான்காம் வீட்டில் எதுவும் செய்யாது. அந்த வீட்டார் ஏமாளிகள், பூனை சும்மா பார்த்தாலே மீன் போடுவார்கள். நான்கு வீட்டாருமே அதைத் தங்கள் பூனை என்று நினைத்திருப்பார்கள். கடைசிப் படத்தில் பூனை வயிறு பருத்து மதில்மேல் மல்லாந்து கிடக்கும்.

மகளுக்கு அப்போது நான்கு வயது. ஓயாமல் அதையே வாசிக்கச் சொல்வாள். நான் பள்ளியிறுதி வரை படித்தவள். ஒரு கதை பிள்ளைக்கு என்ன சொல்லிக்கொடுக்கிறது என்று யோசிக்காமல் என்னால் வாசிக்க முடியாது. ஏமாற்றினால் வயிறு நிறையும் என்றல்லவா இது சொல்கிறது? "பிறகு பூனை எல்லாரிடமும் மன்னிப்புக் கேட்டது" என்று நானாக ஒரு வரி சேர்த்து வாசித்தேன்.

"அப்புடி இல்லம்மா. பூனை தூங்குது பாரு," என்றாள்.

அந்தக் கோடையில் ஊரில் தண்ணீருக்குத் திண்டாட்டம். குடிதண்ணீர் வண்டியில் வரும். பிடித்து வைத்ததை அளந்துதான் செலவு செய்வோம். காலையில் நிறைந்திருந்த பானை உச்சிவேளைக்குள் தரைதட்டத் தொடங்கியது. மகள்தான் குடித்தாள். சொம்பை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டு, மூச்சுவிடாமல் குடித்துவிட்டு, உடனே திரும்பவும் மொள்ளுவாள். "வெயிலு கொளுத்துது, குடிக்கட்டும் விடு," என்றார் என் கணவர். வெயில்தான் என்று நானும் இருந்தேன். பிறகு மழை பெய்து ஊர் குளிர்ந்தது. அப்போதும் பானை காலியாகிக்கொண்டுதான் இருந்தது.

ஒருநாள் அவளைக் காணாமல் தேடி, எதிர்வீட்டுக்குள் போனேன். தோல் மண்டி வைத்திருந்த ராவுத்தர் குடும்பம் அது. அந்த வீட்டு அக்காவின் மடியில் உட்கார்ந்து மகள் நெய்ச்சோறு தின்றுகொண்டிருந்தாள்.

"இப்பத்தானேக்கா எங்க வீட்டுல சாப்ட்டா!"

"வாசப்படியில நொண்டிக்கிட்டு வந்தா தங்கச்சி. கால்ல என்ன தாயின்னு கேட்டா, பசிங்கிறா!" அக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "கால்ல பசிக்கிற புள்ளைய இன்னைக்குத்தான் பாக்குறேன்."

"தினம் வாராளா?"

"பச்சப்புள்ள தின்னதப் போயி யாராச்சும் பேசுவாகளா? போ அங்கிட்டு."

எங்கள் தெருவில் அது ஒரு முறை. வாசல் மிதித்த பிள்ளையை வெறுங்கையோடு அனுப்ப மாட்டார்கள். போட்ட சோற்றை வெளியில் சொல்லவும் மாட்டார்கள். சொன்னால் சொல்லிக் காட்டியதாகிவிடும், பிள்ளைமேல் கண் பட்டுவிடும் என்றும் பயம். அதனால் நானே கூச்சத்தை விட்டுக் கேட்டுக்கொண்டு போனேன். பின்வீட்டில் காலையில் இட்லி. தெருமுக்கில் இருந்த பூக்காரம்மா வீட்டில் சாயங்காலம் கருப்பட்டிப் பணியாரம். ஒரு வீட்டுக்கு இன்னொரு வீட்டில் நடப்பது தெரியாது.

புத்தகத்தைத் தூக்கி அலமாரியின் மேலே போட்டேன். என் கணவருக்குச் சிரிப்பு. "நாலு வீட்டுல தின்னா உடம்பு தேறட்டுமே," என்றார்.

அன்று சாயங்காலம் குளிப்பாட்டும்போதுதான் அவள் முதுகைச் சரியாகப் பார்த்தேன். சோப்புப் போட்ட கை எலும்பு எலும்பாக இடறியது. சித்திரையில் தைத்த கவுன் தோளில் நிற்காமல் நழுவிக்கொண்டிருந்ததும் அப்போதுதான் நினைவில் உறைத்தது. நான்கு வீட்டுச் சோற்றைத் தின்று என் மகள் இளைத்துக்கொண்டிருந்தாள்.

பூக்காரம்மா திருஷ்டி என்றார். மிளகாய் சுற்றிப் போட்டோம். பின்வீட்டில் பூச்சி என்றார்கள், பேதிக்குக் கொடுத்தோம். பிள்ளை வாடுகிறதே என்று மூன்று வீட்டிலும் பணியாரமும் பேரீச்சம்பழமும் கூடின. நானும் பாலில் சர்க்கரையைக் கூட்டிப் போட்டேன்.

ஒரு காலையில் எதிர்வீட்டு அக்கா வந்தார். "தங்கச்சி, கருப்பட்டிப் பானைய எதையும் ஒடச்சுட்டியா? ஒங்க வீட்டு எறும்பு அம்புட்டும் எங்க அங்கணத்துக்கு வந்து குடியிருக்கு."

எங்கள் அங்கணத்திலும் சில நாட்களாகக் கட்டெறும்பு மொய்த்தது. பாத்திரம் கழுவும் பக்கம் ஒன்றுகூட இல்லை. மூலையில், மகள் ஒன்றுக்கு இருக்கும் இடத்தில் மட்டும் கறுப்பாக அப்பிக் கிடந்தன. எத்தனை தடவை தண்ணீர் ஊற்றினாலும் திரும்ப வந்தன. அக்காவோடு போய் அவர்கள் வீட்டிலும் பார்த்தேன். அங்கும் ஒரு மூலையில் மட்டும்தான் அப்பியிருந்தன.

"இங்க ஒன்னுக்கு இருந்தது யாருக்கா?"

"ஒம் மகதான்," என்றார் அக்கா. சிரிப்பை நிறுத்திவிட்டார்.

சர்க்கரை வியாதி என்று கேள்விப்பட்டிருந்தேன். வயதானவர்களுக்கு வருவது, உட்கார்ந்து தின்பவர்களுக்கு வருவது. பிள்ளைக்கு வருமா? எதையோ அரைகுறையாகப் படித்துவிட்டுப் பதறுகிறேனோ? என் கணவரும், "நாலு வயசுப் புள்ளைக்கா? ஒனக்குப் படிப்பு கூடிப்போச்சு," என்றார். ஆனால் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார்.

எறும்பு என்று சொன்னதும் டாக்டர் சிரிக்கவில்லை. கண்ணாடிக் குழாயில் நீல மருந்தோடு அவளது சிறுநீரைச் சில சொட்டு விட்டு, ஸ்பிரிட் விளக்கில் காட்டினார். நீலம் மாறாவிட்டால் சர்க்கரை இல்லை, சிவக்கச் சிவக்கக் கூடுதல் என்றார். நீலம் பச்சையானது. பச்சை மஞ்சளானது. அங்கேயே நின்றுவிடட்டும் என்று வேண்டினேன். அது செங்கல் நிறத்துக்குப் போனது. மகள், "அம்மா, கலரு மாறுது!" என்று கை தட்டினாள்.

"இப்பவே மதுரைக்குக் கூட்டிட்டுப் போங்க," என்றார் டாக்டர். "நாளைக்குன்னு வைக்காதீங்க."

மதுரையில் உயிர் தங்கியது. இன்சுலின் ஊசி போட நானே கற்றுக்கொண்டேன். இனி ஒவ்வொரு நாளும் போட வேண்டும். ஊசியைக் கொதிக்கவைப்பதும், மருந்துப் புட்டியைச் சூடேறாமல் ஈரமணல் சட்டியில் புதைத்துவைப்பதும் என் வேலைகளாயின. அளவுச் சாப்பாடு, அதற்குமேல் ஒரு துண்டு கருப்பட்டிகூடக் கூடாது என்று அனுப்பினார்கள்.

ஊர் திரும்பியதும் முதலில் எதிர்வீட்டுக்குப் போனேன்.

"அக்கா, இவ வந்தா எதுவும் குடுக்காதீங்க."

"வாசலுக்கு வந்த புள்ளைய வெறும் வாயோட அனுப்பவா? அந்தப் பாவம் எனக்கு வேணாம் தங்கச்சி."

"குடுத்தா செத்துருவாக்கா."

எந்தத் தாயும் சொல்லக்கூடாத சொல். அக்கா பாய்ந்து என் வாயைப் பொத்தினார். ஒப்புக்கொண்டார். பின்வீட்டிலும் ஒப்புக்கொண்டார்கள். பூக்காரம்மா மட்டும், "பணியாரம் குடுக்கல, சரி. பழனி மலையில வாங்கியாந்த பஞ்சாமிர்தம் இருக்கு. சாமி பிரசாதம் பிள்ளைக்குக் கெடுதல் பண்ணுமா? நீயே சொல்லு," என்றார். எவ்வளவோ சொன்னேன். தலையை ஆட்டினார். ஒப்புக்கொண்டாரா, என்னை அனுப்பிவைத்தாரா என்று விளங்கவில்லை.

மறுநாள் அடுப்படியில் இருந்தபோது தெருக்கதவு திறந்து கிடப்பதைக் கண்டேன். மகள் எதிர்வீட்டு வாசலில் நின்றிருந்தாள். அக்கா அவளைப் பார்த்தார், கதவைச் சாத்தினார். அவள் தட்டினாள். "போயிரு தாயி, போயிரு," என்று உள்ளிருந்து அழுகுரல் வந்தது. எனக்கு மூச்சு வந்தது. அதற்குள் அவள் திரும்பி முக்குப் பக்கமாக ஓடத் தொடங்கிவிட்டாள்.

பகலில் பூக்காரம்மா வீட்டுக் கதவு சாத்தியதே கிடையாது. நான் போய்ச் சேர்வதற்குள் மகள் வெளியே வந்துகொண்டிருந்தாள், ஒரு கையைப் பொத்திக்கொண்டு. பிடித்து நிறுத்தி விரல்களைப் பிரித்தேன். மல்லிகைச் சரம்.

"வெறுங்கையோட எப்புடிடி அனுப்புவேன்?" என்றார் பூக்காரம்மா, படியில் நின்றபடி.

நான் பதில் சொல்ல வாயெடுப்பதற்குள் மகள் சரத்தை வாய்க்குக் கொண்டுபோய் ஒரு மொட்டைக் கடித்தாள். மென்று பார்த்தாள். பிறகு இன்னொன்றைக் கடித்தாள்.