கடைசிப் பெட்டி போகும்வரை

செய்தியை ஸ்டெல்லாவின் மகன்தான் சொன்னான். “ஆன்ட்டி, அம்மா போயிட்டாங்க” என்று தமிழில் ஆரம்பித்தவன், அதற்குமேல் வார்த்தை வராமல் இந்திக்கு மாறினான். மாரெட்பள்ளி வீட்டில், காலைக் காப்பி குடித்துக்கொண்டிருக்கும்போதே நெஞ்சுவலியாம். நம் அலுவலகத்தின் புள்ளிவிவரப் பிரிவில் எத்தனையோ வருஷம் எனக்கு அடுத்த மேஜையில் இருந்த ஸ்டெல்லா இனி இல்லை.

எந்த நாடு எவ்வளவு இரும்புத் தாது வெட்டியது என்று ஆண்டுதோறும் தொகுத்துப் புத்தகமாக்குவது அவள் வேலை. நமக்கு அவை எண்கள். அவளுக்கு ஊர்கள். சாப்பாட்டு வேளையில் டப்பாவைத் திறந்தபடியே, “ஆஸ்திரேலியாவுல புயலாம்டீ. கப்பலெல்லாம் துறைமுகத்துக்கு வெளிய நிக்குதாம்” என்பாள், தன் ஊர் பாளையங்கோட்டையில் மழை என்பது போல. அந்தச் சுரங்கங்களை ஒருமுறை நேரில் பார்க்க வேண்டும் என்பது அவளுடைய ஒரே ஆசை.

அந்த வாய்ப்பும் வந்தது. அலுவலகம் ஆஸ்திரேலியாவுக்கு அனுப்பவிருந்த குழுவில் அவள் பெயர் இருந்தது. புதுப் பெட்டிகூட வாங்கிவிட்டாள். அந்தச் சமயத்தில்தான் அச்சாகி வந்த புத்தகத்தில் ஒரு தவறு அவள் கண்ணில் பட்டது. மற்ற நாடுகளுக்கெல்லாம் உலைக்குப் போகத் தயாரான தாதுவின் எடை. சீனாவுக்கு மட்டும் வெட்டியெடுத்தபடியே, கல்லும் மண்ணும் சேர்ந்த எடை. கடைசி நேரத்தில் யாரோ மாற்றியிருந்தார்கள். மறுநாள் கூட்டத்தில் புத்தகத்தைக் கொடுத்தாக வேண்டும். அப்படியே கையெழுத்துப் போடச் சொன்னார் அதிகாரி.

“மண்ணையும் சேத்து நிறுத்துட்டு இரும்புன்னு எழுத எனக்கு வராது சார்” என்றாள் ஸ்டெல்லா. குரல் உயரவில்லை.

புத்தகம் திரும்ப அச்சுக்குப் போனது. அடுத்த மாதம் பயணப் பட்டியலில் அவள் பெயர் இருந்த இடத்தில் என் பெயர் இருந்தது. நான் மறுத்திருக்கலாம். மறுக்கவில்லை. மறுநாள் அவளே அந்தப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு என் வீட்டுக்கு வந்தாள். “சும்மா கெடந்து என்ன செய்யப்போவுது. நீ கொண்டு போ வசந்தி.”

நான் திரும்பி வந்ததும் அவள் கேட்டது ஒன்றுதான்.

“தாது ஏத்திட்டுப் போற ரயிலு ரெண்டு கிலோமீட்டர் நீளமாமே. கடைசிப் பெட்டி போறவரைக்கும் நின்னு பாத்தியா?”

நான் பார்க்கவில்லை. வெயில் தாங்காமல் பாதியிலேயே காருக்குள் போய் உட்கார்ந்துவிட்டேன். அதை அவளிடம் சொல்ல வாய் வரவில்லை.

“பாத்தேன்.”

“போனப்புறம் எப்படி இருந்துச்சு?”

“சத்தமெல்லாம் அடங்கி, காத்து மட்டும் அடிச்சுது.”

“ஹவ்” என்று, இந்த ஊர்க்காரர்கள் ‘ஆமாம்’ சொல்வதுபோல், மெதுவாகத் தலையாட்டினாள். “அப்படித்தான் இருக்கும்னு நெனச்சேன்.”

பிறகும் அவள் அந்தச் சுரங்கங்களைப் பார்க்கப் போகவேயில்லை. ஓய்வு பெற்ற பின் மாதம் ஒருமுறையாவது சந்தித்தோம். ஒவ்வொரு முறையும் உண்மையைச் சொல்லிவிட நினைத்துத்தான் போனேன்.

அவளுடைய நேர்மையைப் பற்றிச் சொல்ல இங்கே கூடியிருக்கும் உங்கள் ஒவ்வொருவரிடமும் ஏதாவது இருக்கும். என்னிடம் இருப்பது, நான் பார்க்காத ஒன்றைக் கேட்டு அன்று அவள் முகத்தில் வந்த நிறைவு. அதை வைத்துக்கொள்ளும் தகுதி எனக்கில்லை. ஆனாலும் வைத்திருக்கிறேன்.