பூவம்மாவின் அரிவாள்மணை

புருசன் மருதப்பன் காய்ச்சலில் செத்துப்போனபோது பூவம்மாவுக்கு அழுகை வரவில்லை. சிராங்கூன் சாலையில் அவனுடைய மாட்டுவண்டியை வேறெவனோ ஓட்டிக்கொண்டு போவதை வாசலில் நின்று பார்த்தாள். உள்ளே போய் உலை வைத்தாள்.

"பொட்ட அழிச்சிராதடி," என்றாள் பக்கத்து வீட்டு முத்தாயி. "தாலியறுத்தவள எவ அடுப்படியில விடுவா? புருசன் ஜொகூர்ல வேலையா இருக்கான்னு சொல்லு. வயித்துக்குச் சோறு வேணும்ல?"

"சரிக்கா."

அப்படித்தான் காத்தோங்கில், யாழ்ப்பாணத்துக் கிளாக்கர் இராஜரத்தினத்தின் வீட்டுக்குச் சமையலுக்கு வந்தாள். கூடவே அவளுடைய அரிவாள்மணையும் வந்தது. நின்றுகொண்டு கத்தியால் நறுக்க அவளுக்கு வராது. பலகையில் குந்திக் காலால் அழுத்திக்கொண்டால் வாள் அசையாது. காய்தான் அதனிடம் போய்த் துண்டாகும்.

ஒரு நாள் அந்த வீட்டில் பல்லுக்கொழுக்கட்டை. முதல் பல் முளைத்த பிள்ளையைப் பலகையில் இருத்தித் தலையில் கொழுக்கட்டை சொரிவார்கள். கொழுக்கட்டையில் பல்லுப்போலக் குத்தப் பூவம்மா தேங்காயைச் சொட்டுச் சொட்டாக நறுக்கிக்கொண்டிருந்தாள். எந்தச் சொல்லையும் பிரித்துப் பார்க்காவிட்டால் இராஜரத்தினத்துக்குச் சாப்பாடு இறங்காது.

"அரி, வாள், மணை. மூண்டு சொல்லு, பூவம்மா. அரியிறதுக்கு வாள், குந்துறதுக்கு மணை. நீயும் கலியாண நாளிலை மணையிலதானே இருந்திருப்பாய்?"

"ஆமாங்கய்யா." அந்தப் பலகை நினைவுக்கு வந்தது, பக்கத்தில் இருந்தவனின் மஞ்சள் வேட்டியும் வந்தது. வந்து சும்மா நின்றன.

"சொல்லை வெட்டினது காணும், அவள் தேங்காயை வெட்டட்டும்," என்று வந்தாள் அவர் மனைவி வள்ளிநாயகி. "பிள்ளையை இருத்திற பலகையைக் கறையான் திண்டிட்டுது. இப்ப என்ன செய்யிறது?"

"இதுவும் மணைதானே! வாளைக் கழட்டிப்போட்டுக் கழுவிக் குடு, பூவம்மா."

ஆப்பைத் தட்டி வாளைக் கழற்றினாள். பலகையைக் கழுவிக் கொடுத்தாள். கூடத்தில் கோலத்தின்மேல் அதை வைத்து, வெள்ளைத்துணி விரித்து, வள்ளிநாயகி பிள்ளையைத் தூக்கினாள். பூவம்மா வாயைத் திறந்தால் வேலை போய்விடும். பிள்ளை சிரித்தது, கீழே ஒரே ஒரு பல்.

"வேணாம்மா. அது நான் உக்காந்த பலகை."

"அதுக்கென்ன?"

"எம் புருசன் செத்து மூணு மாசமாச்சு."

வள்ளிநாயகி அவள் நெற்றியைப் பார்த்தாள். வள்ளிநாயகி பலகையை ஓரமாகத் தள்ளிவிட்டுத் தன் கூறைச்சேலையைக் கொண்டுவந்து, நாலாய் மடித்துப் பிள்ளையை இருத்தினாள்.

பூவம்மா பலகையை எடுத்துவந்து வாளைச் சொருகி ஆப்பு அடித்தாள். அதில் குந்தியதும் ஈரம் அவள் சேலையில் ஊறியது. கூடத்துச் சிரிப்பு ஓய்ந்தபின் வள்ளிநாயகி அடுப்படிக்கு வந்தாள்.

"நாளைக்கு வரலாமாம்மா?"

"வா. அந்தப் பொட்டோட வராதை. எனக்குப் பொய் சொல்லவும் கூடாது, கண்டியோ?"

பூவம்மா ஈரக்கையால் நெற்றியைத் துடைத்தாள். கையைச் சேலையில் தேய்த்துக்கொண்டாள்.

"மிச்சத் தேங்காயைத் துருவிரட்டுங்களாம்மா?"